கொட்டியாரக் குடாவின் காணிகளும் வர்த்தமானி அறிவித்தல்களும்

திருக்கோணமலைத் துறைமுகத்தின் தென்பால், கொட்டியாரக் குடாவை அணைந்து கிடப்பது சம்பூர். வயலும் சேனையும் மீன்பிடியுமாக வாழ்ந்த இவ்வூரவரின் காணிகள் 2007ஆம் ஆண்டிற்கும் 2015ஆம் ஆண்டிற்கும் இடையில் பலமுறை வர்த்தமானி ஏறின. நிலம் இருந்த இடத்திலேயே இருந்தது. ஏட்டில் அதன் தன்மை மாறிக்கொண்டே வந்தது. அரசு செய்யும் இத்தகைய மாற்றத்தை நீதிமன்றத்தில் எதிர்ப்பதற்குக் குடிகளுக்குள்ள வழி யாது, அது எவ்வளவு தூரம் பயன்படும் என்பதை இவ்வூரின் வரலாறு நன்கு காட்டும்.

இவ்விடயத்தின் வேர் ஆங்கிலேயர் ஆட்சியில் உள்ளது. காடாகவும் தரிசாகவும் பயிரிடப்படாதும் கிடக்கும் நிலம், மாறாக நிறுவப்படும்வரை முடிக்குரியதே என்று 1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் கொண்டது. இதனால் உரிமையை நிறுவும் சுமை கமக்காரன் தலைமேல் ஏறிற்று. சேனை நிலமோ சில ஆண்டு பயிர் கண்டு, பின் பல ஆண்டு ஓய விடப்படுவது. ஓய்ந்திருக்கும் ஆண்டில் நில அளவையாளர் வந்தால் அவர் கண்ணுக்கு அது காடு! சம்பூரின் அயலிலே கடற்கரைச்சேனை, சேனையூர் என ஊர்ப்பெயர்களே பழைய பயிர்ச்செய்கைக்குச் சான்று பகர்கின்றன. எனினும் பெயரைக் கொண்டு வழக்கு வெல்லுதல் அரிது. பின்வந்த 1931ஆம் ஆண்டின் 20ஆம் இலக்கக் காணி நிர்ணயக் கட்டளைச் சட்டம், அறிவித்தல் வெளியாகி மூன்று மாதத்திற்குள் உரிமை கோராவிடின் காணியை அரசுக்குரியதெனப் பிரகடனஞ் செய்ய இடமளித்தது. அறிவித்தலைப் படிப்பவர் ஊரில் இருக்கிறார் என்னும் எண்ணமே இவ்விதிக்கு அடிப்படை.

சம்பூரில் படிப்பதற்கு எவரும் இருக்கவில்லை. 2006ஆம் ஆண்டு ஏப்பிரிலில் மூண்ட போரினால் ஊரவர் இடம்பெயர்ந்தனர். மறு ஆண்டு மே மாதத்தில் அவசரகாலப் பிரமாணங்களின் கீழ் அப்பகுதி உயர் பாதுகாப்பு வலயமாக அறிவிக்கப்பட்டது. சமத்துவ உரிமையும், விரும்பிய இடத்திற் சென்று வசிக்கும் உரிமையும் மீறப்பட்டன என்று அதனை எதிர்த்துத் தாக்கலான அடிப்படை உரிமை மனுவை மேற்கொண்டு விசாரிக்க உயர் நீதிமன்றம் அதே ஆண்டு யூலையில் அனுமதி மறுத்தது. போர் முடிந்த பின்னரும் ஊர் திரும்புதல் கூடவில்லை. 2012இல் 818 ஏக்கர் காணி கைத்தொழிலுக்கான சிறப்பு வலயமாக வர்த்தமானியில் இடம்பெற்றுத் தனியார் கம்பனி ஒன்றுக்கு ஒதுக்கப்பட்டது.

2015 மே மாதத்தில் சனாதிபதி மைத்திரிபால சிறிசேன அவ்வறிவித்தலை நீக்கினார். இம்முறை நீதிமன்றப் படியேறியது கம்பனி. நீக்கத்திற்கு இடைக்காலத் தடையும் பெற்றது. யூலையில் அத்தடை அகன்றது. எஞ்சிய கடற்படை முகாம் காணியும் 2016 மார்ச்சில் விடுவிக்கப்பட்டது. அரசின் செயலைக் கேள்விக்குட்படுத்தும் அதே வழியை, நிலமிழந்தவரும் நிலம் பெற்றவரும் முறையே பயன்படுத்தினர் என்பது கருதத்தக்கது. ஊரவருக்கு நிலத்தை மீட்டுத் தந்தது ஆட்சி மாற்றமே. நீதிமன்றம் பின்னர் அதற்குக் குறுக்கே நில்லாது விட்டது என்பதே உண்மைக்கு நெருங்கிய கூற்றாகும்.

அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரைப்படி அடிப்படை உரிமை மனுவை ஒரு மாதத்துள் தாக்கல் செய்தல் வேண்டும். தக்க காரணங் காட்டின் நீதிமன்றம் நெகிழ்வதுண்டு. மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை கோருதல் பிறிதொரு வழி. எவ்வழியிலும் முதலிற் கேட்கப்படுவது பத்திரமே. அகதி முகாமில் உறுதியை இழந்தவருக்கும் ஓர் ஆறுதல் உண்டு: நொத்தாரிசு எழுதும் ஒவ்வோர் உறுதியின் இரண்டாம் பிரதியும் காணிப் பதிவகத்திற்குச் செல்வதால், அங்கே நகல் பெறலாம். பிறர் பத்தாண்டு ஆண்ட காணிக்கு 1871ஆம் ஆண்டின் ஆட்சியுரிமைக் கட்டளைச் சட்டம் தடையாயிருந்தது. 1983 மே முதல் 2009 மே வரை வழக்கிட இயலாதிருந்தோர்க்கு 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம் சலுகை தந்தது; அச்சலுகையும் ஈராண்டுத் தவணைக்கு உட்பட்டதே.

பழைய 1931ஆம் ஆண்டுச் சட்டம் இன்னும் உறங்கிவிடவில்லை. 2025 மார்ச் 28ஆந் திகதிய வர்த்தமானி, அதன் நான்காம் பிரிவின் கீழ் வடமாகாணத்தின் நான்கு மாவட்டங்களில் ஏறக்குறைய 5,940 ஏக்கர் காணிக்கு உரிமை கோருவோரை அழைத்தது. பலர் வெளிநாட்டில்; பலரிடம் பத்திரமில்லை. எம். ஏ. சுமந்திரன் தாக்கல் செய்த மனுவின் மீது, மூன்று மாதத் தவணை முடியுந் தறுவாயில், யூன் இறுதியில் உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்தது. அதன்மேல் அரசும் அறிவித்தலை மீட்டுக்கொண்டது.