நிலத்தின் குறுக்கே மின்பாதை: உரிமையாளருக்குச் சட்டம் தருவது என்ன?

விளைநிலத்தை அடமானமாகப் பெற்றுக் கடன் வழங்கும்போது வங்கி தவறாமல் கேட்கும் ஆவணம் வில்லங்கச் சான்று. ஆயினும் நிலத்தின் மதிப்பைக் குறைக்கவல்ல ஒன்று அச்சான்றில் பெரும்பாலும் இடம்பெறுவதில்லை. நிலத்தின் மேல் செல்லும் உயர் அழுத்த மின்பாதையே அது. கோபுரம் நிற்கும் இடம்கூட உரிமையாளர் பெயரிலேயே நீடிக்கிறது. கிரயப் பத்திரம் எழுதப்படாததால் பதிவேட்டில் அதன் சுவடு இருப்பதில்லை.

இந்நிலைக்குக் காரணம் 1885ஆம் ஆண்டின் இந்தியத் தந்திச் சட்டம். அதன் 10ஆம் பிரிவு, கம்பிகளை எவருடைய நிலத்தின் மீதும் கொண்டுசெல்ல அனுமதிக்கிறது. கிடைப்பது பயன்படுத்தும் உரிமை மட்டுமே, நில உடைமை அன்று. 2003ஆம் ஆண்டின் மின்சாரச் சட்டம், 164ஆம் பிரிவின் வழியாக, அதே அதிகாரத்தை மின்பாதை அமைக்கும் நிறுவனங்களுக்கு அரசு வழங்க வகை செய்தது. தந்திச் சேவை மறைந்துவிட்டது; தந்திச் சட்டம் மட்டும் வயலில் நிற்கிறது!

உரிமையாளரின் முன்இசைவு தேவையா என்பதே பெரும்பாலான வழக்குகளின் மையம். சத்தீஸ்கரில் சுண்ணாம்புக்கல் சுரங்க நிலத்தின் மீது பவர்கிரிட் நிறுவனம் மின்பாதை அமைத்ததை செஞ்சுரி டெக்ஸ்டைல்ஸ் நிறுவனம் எதிர்த்தது. 164ஆம் பிரிவின் அதிகாரம் பெற்ற நிறுவனத்துக்கு முன்இசைவு தேவையில்லை என்று 2016 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பெருநிறுவனத்துக்கே விதி இதுவெனில், இரண்டு ஏக்கர் உழவர் தடையாணையை நம்பிக் காலத்தையும் பொருளையும் செலவிடுவது, என் கணிப்பில், பலன் தரும் வழியன்று. அவ்வதிகாரம் பெறாத நிறுவனம் மட்டும் 2006ஆம் ஆண்டு விதிகளின்படி இசைவையோ மாவட்ட ஆட்சியரின் அனுமதியையோ பெற்றாக வேண்டும். ஆகவே அதிகார ஆணையின் நகலை முதலில் கேட்டுப் பார்ப்பது தகும்.

உழவரின் வலுவான பிடி இழப்பீட்டில் உள்ளது. இயன்றவரை குறைந்த சேதமே விளைவிக்க வேண்டும், நேர்ந்த சேதத்துக்கு முழு இழப்பீடு வழங்க வேண்டும் என்கிறது அதே 10ஆம் பிரிவு. தொகை போதாதெனில் 16ஆம் பிரிவின்கீழ் மாவட்ட நீதிபதியிடம் முறையிடலாம். கேரள மின்வாரியம் தொடர்பான லிவிஷா வழக்கில் 2007இல் உச்ச நீதிமன்றம், எல்லா நிலத்துக்கும் பொருந்தும் ஒரே கணக்கு இல்லை என்றது. நிலம் அமைந்த இடம், கம்பி எவ்வளவு தொலைவு செல்கிறது, சிறிய நிலத்தின் நடுவே செல்கிறதா என்பவற்றையெல்லாம் கருத வேண்டும் என்றும் கூறியது.

மத்திய மின்துறை அமைச்சகத்தின் 2015ஆம் ஆண்டு வழிகாட்டுதல், கோபுர அடிநிலத்துக்கு நிலமதிப்பில் 85 விழுக்காடும், கம்பிகளின் கீழ்ப்பட்ட பகுதிக்கு அதிகபட்சம் 15 விழுக்காடும் பரிந்துரைத்தது. 2024 ஜூனில் இவை முறையே 200, 30 விழுக்காடாக உயர்ந்தன. இவற்றை ஏற்பது மாநில அரசின் முடிவைப் பொறுத்தது. ஓர் எடுத்துக்காட்டு: 400 கிலோவோல்ட் மின்பாதைக்குரிய அகலம் 46 மீட்டர். அது 100 மீட்டர் தொலைவு சென்றால் 4,600 சதுர மீட்டர், அதாவது சுமார் 1.14 ஏக்கர் பாதிப்புறும். ஏக்கர் 20 லட்சம் ரூபாய் எனக் கொண்டால், பழைய விகிதத்தில் ஏறத்தாழ 3.4 லட்சத்துக்கு மேல் கிடைத்திராது. புதிய விகிதத்தில் 6.8 லட்சம். பயிர், மரங்களுக்கான தொகை வேறு. மரம் வெட்டப்படுமுன் எண்ணிக்கையையும் வயதையும் குறித்து, நிழற்படத்துடன் வைத்திருப்பவரே நீதிமன்றத்தில் நிற்க முடியும்.

நிலம் அடமானத்தில் இருப்பின் இழப்பீட்டு அறிவிப்பு வந்ததும் கிளைக்குத் தெரிவிப்பது நலம். பிணையத்தின் மதிப்பை மறுமதிப்பீடு செய்ய நேரலாம். நிலம் வாங்குவோர் சான்றுடன் நிறைவடையாமல் நேரில் சென்று அண்ணாந்தும் பார்க்க வேண்டும். கூட்டுரிமை உள்ள நிலத்தில் பங்கு குறித்துத் தகராறு எழுமானால், நிறுவனம் தொகையை மாவட்ட நீதிமன்றத்தில் செலுத்திவிடலாம். யாருக்கு எவ்வளவு என்பதில் நீதிபதியின் முடிவே இறுதியானது. எனினும் பணத்தைப் பெற்றுக்கொண்டவரிடமிருந்து தம் பங்கை மீட்க மற்றவர் தனியே வழக்குத் தொடுக்கும் உரிமையை அச்சட்டம் பறிக்கவில்லை.