பேசாப் படமும் ஆஸ்டா நீல்சனும்

மெய்ப்பாடு என்னும் சொல் தமிழ் பயில்வோர்க்குப் புதிதன்று. உள்ளத்து உணர்வு உடலின் வழியே பிறர்க்குப் புலனாவதை அச்சொல்லால் குறிக்கிறோம். பேச்சொலி சேராத காலத்துத் திரைப்படத்தில் நடிப்போர்க்கு வாய்த்த பெருங்கருவி அதுவே. அதனை அளவறிந்து கையாண்டவராக டென்மார்க் நாட்டு நடிகை ஆஸ்டா நீல்சனை நாம் கருதுகிறோம்.

கோபன்ஹேகன் நகரில் 1881இல் எளிய உழைப்பாளர் குடும்பத்தில் பிறந்த அவர், இளமையிலேயே தந்தையை இழந்தார். நாடக மேடையில் பல ஆண்டுகள் நடித்தும் பெரிய பாத்திரங்கள் கிட்டவில்லை. தம் ஆற்றலை நாடக உலகினர் கண்டறியட்டும் என்று எண்ணியே 1910இல் உர்பன் காட் இயக்கிய படமொன்றில் நடித்தார். 'படுகுழி' என்பது அதன் பெயரின் பொருள். இசை கற்பிக்கும் பெண்ணொருத்தி, மணம் பேசியவனை விடுத்துச் சர்க்கஸ் கலைஞன் ஒருவன்பின் சென்று சீரழியும் கதை அது. அதிலுள்ள நடனக் காட்சி அக்காலத்திலேயே தணிக்கையாளரின் கத்தரிக்கு இரையாயிற்று. நம்முள்ளும் சிலர் முகம் சுளிக்கலாம். நாம் நோக்க வேண்டியது இறுதிக் காட்சியை. அவனைக் கொன்றபின் காவலர் அழைத்துச் செல்ல, அவள் வெறித்த பார்வையோடு நடக்கிறாள்; அவ்வளவே. மேடையில் கடைசி வரிசைக்கும் தெரியுமாறு கையை ஓங்கி மார்பில் அறைந்துகொள்ள வேண்டியிருந்தது. படக்கருவியோ இமையசைவையும் பதிவு செய்வது. இவ்வேறுபாட்டை மிக முன்னரே உணர்ந்தவர்களுள் அவரும் ஒருவர்.

1911இல் அவர் ஜெர்மனி சென்றார். ஊமைப்படத்திற்கு மொழித்தடை ஏது? எழுத்து அட்டைகளை மாற்றினால் போதும். எழுபதுக்கும் மேற்பட்ட அவருடைய படங்களுள் டென்மார்க்கில் எடுக்கப்பட்டவை நான்கே. 1921இல் வெளிவந்த 'ஹாம்லெட்' அவரது சொந்த நிறுவனத்தின் படைப்பு. அரியணைக்காக ஆணென வளர்க்கப்பட்ட பெண்ணாக அவ்விளவரசன் அதில் காட்டப்படுகிறான். வாய்விட்டுச் சொல்லவொண்ணாத மறைபொருளைச் சுமக்கும் அப்பாத்திரத்திற்குப் பேசாப் படமே பொருத்தமான களம் என்போம். 1925இல் பாப்ஸ்ட் இயக்கிய படமொன்றில் இளம் கிரேட்டா கார்போவும் அவரும் இடம்பெற்றனர்.

பேசும்படம் வந்தபின் 1932இல் ஒரே ஒரு படத்தில் நடித்தார். அடுத்த ஆண்டு நாஜிகள் ஆட்சியைக் கைப்பற்றினர். அவரது புகழைத் தமக்குப் பயன்படுத்த விரும்பி அவர்கள் அழைத்தும் அவர் இசையவில்லை, தாயகம் திரும்பினார். பின்னர்த் தன்வரலாறு எழுதினார். வண்ணத் துணித்துண்டுகளை ஒட்டி ஓவியங்கள் ஆக்கினார். 1972இல், தொண்ணூறாம் வயதில், காலமானார்.