மீட்பது ஒரு மனு, வளர்ப்பது வேறு கேள்வி

ஆட்கொணர்வு மனு என்றால், போலீஸ் பிடித்துச் சென்ற ஒருவரைக் கோர்ட்டில் கொண்டுவந்து நிறுத்தச் சொல்வது என்றே பலரும் நினைக்கிறோம். கணவனும் மனைவியும் பிரிந்து, ஒருவர் குழந்தையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டால் மற்றவர் உயர் நீதிமன்றத்தில் போடுவதும் இதே மனுதான். அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவு தரும் அதிகாரம் இது. போலீசுக்கு நோட்டீஸ் போகும். வருடக்கணக்கில் வாய்தா வாங்காமல் குழந்தை நீதிபதிகள் முன் வந்து நிற்கும். அந்த வேகம் அவசியம். ஆனால் அதே வேகத்தில், குழந்தை இனி யாரிடம் வளர வேண்டும் என்பதையும் முடிவு செய்துவிடப் பார்ப்பது சரியல்ல.

இந்த மனு அடிப்படையில் கேட்பது ஒன்றே: குழந்தையை வைத்திருப்பவருக்குச் சட்டப்படி அந்த உரிமை உண்டா? 1804-இல் இங்கிலாந்தில், தாயிடமிருந்து பறிக்கப்பட்ட எட்டு மாதக் கைக்குழந்தையைப் பறித்த தந்தையிடமே நீதிமன்றம் விட்டுவைத்தது. உரிமை தந்தைக்கு என்றது சட்டம், அவ்வளவுதான். இன்று இந்தியாவில் குழந்தையின் நலனே முதன்மை. இந்துக் குழந்தைகளின் காப்பாளர் பற்றிய 1956-ஆம் ஆண்டுச் சட்டம் இதை நேராகவே சொல்கிறது, ஐந்து வயது நிரம்பாத பிள்ளை சாதாரணமாகத் தாயிடம் இருக்க வேண்டும் என்றும் சொல்கிறது. ஆனால் நலனைக் கண்டறிவது உரிமையைக் கண்டறிவதுபோல் எளிதல்ல. பள்ளிக்கு அனுப்புவது யார், குடித்துவிட்டு வந்து அடிப்பது யார் என்பதெல்லாம் சாட்சி சொல்லி, குறுக்கு விசாரணையில் நின்று தெளிய வேண்டியவை. ஆட்கொணர்வு மனுவிலோ பெரும்பாலும் இரு தரப்பின் பிரமாணப் பத்திரங்கள்தான் இருக்கும். நீதிபதிகள் தங்கள் அறைக்கு அழைத்துக் குழந்தையிடம் பேசுவார்கள், உண்மைதான். சில மாதங்களாக ஒருவரிடமே இருந்த பிள்ளை சொல்வதில் அதன் சொல் எவ்வளவு, சொல்லிக்கொடுத்தது எவ்வளவு?

உச்ச நீதிமன்றத்தின் இரண்டு தீர்ப்புகளைப் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். இரண்டிலும் தாய் இறந்துவிட்டார், குழந்தை தாய் வழி உறவினரிடம் இருந்தது, தந்தை கேட்டார். 2019-இல் குழந்தை தந்தையிடம் போனது. காப்பாளரான தந்தையிடம் தர மறுப்பது சட்டவிரோதம் என்றது நீதிமன்றம். 2024-இல், இரண்டரை வயதுப் பெண் குழந்தையைத் தந்தை வீட்டாரிடம் ஒப்படைக்கச் சொன்ன மத்தியப் பிரதேச உயர் நீதிமன்ற உத்தரவு ரத்தானது. குழந்தை ஒன்றும் அசையும் சொத்தல்ல, இடம் மாற்றினால் அதற்கு என்ன ஆகும் என்று யோசிக்காமல் கைமாற்ற முடியாது என்பதே அங்கே காரணம். எனக்கு இரண்டாவது தீர்ப்பே சரியாகப் படுகிறது. அங்கேயும் தந்தையின் கோரிக்கை தூக்கியெறியப்படவில்லை. உரிய நீதிமன்றத்தில் விசாரித்து முடிவெடுக்கட்டும் என்று விடப்பட்டது.

குடும்ப நல நீதிமன்றத்தில் வழக்கு இழுத்துக்கொண்டே போகும், அதற்குள் குழந்தை மற்றவர் முகத்தையே மறந்துவிடும், பறித்தவரே ஜெயிப்பார் என்பது எதிர்வாதம். இதில் நியாயம் இருக்கிறது. 1959-லேயே, வேறு சட்ட வழி இருப்பதைக் காட்டி, இப்படிக் குழந்தையைக் கேட்டு வந்த ஒரு தாயைத் திருப்பி அனுப்பக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. குழந்தைக் கடத்தல் பற்றிய 1980-ஆம் ஆண்டு ஹேக் ஒப்பந்தத்தில் இந்தியா சேராததால், வெளிநாட்டிலிருந்து இங்கே கொண்டுவரப்பட்ட பிள்ளைகளுக்காகவும் இந்தக் கதவைத்தான் தட்டுகிறார்கள். தந்தை தமிழ்நாட்டில் வைத்திருந்த பிள்ளைகளை 2022-இல் உச்ச நீதிமன்றம் அமெரிக்காவுக்குத் திருப்பி அனுப்பியது இப்படி வந்த மனுவில்தான். ஆகவே மனுவை மூடிவிடச் சொல்லவில்லை. கீழ் நீதிமன்றங்களின் கையும் வெறுங்கை அல்ல: 1890-ஆம் ஆண்டின் காப்பாளர் சட்டத்தில் 12-ஆவது பிரிவு குழந்தையை ஆஜர்படுத்தவும் இடைக்காலமாக ஒருவரிடம் ஒப்படைக்கவும் அதிகாரம் தருகிறது; 2005-ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைச் சட்டப்படி மாஜிஸ்திரேட்டும் தற்காலிகமாகத் தாயிடம் தரலாம். பறிக்கப்பட்ட குழந்தையை உயர் நீதிமன்றம் மீட்டு, முன்பு இருந்த இடத்தில் சேர்க்கட்டும். அந்த உத்தரவிலேயே குடும்ப நல நீதிமன்றத்துக்கு ஒரு கெடுவும் விதிக்கட்டும். யார் வளர்ப்பது என்ற வழக்கை அங்கே சாட்சிக் கூண்டில் பேசிக்கொள்ளலாம்.