சாவி கைமாறும் வீடு

மணப்பாட்டில் திருச்சிலுவைக் கோவிலுக்குக் கீழே, எங்கள் தெருவில் பாதி வீடுகளுக்குச் சொந்தக்காரர்கள் வெளியூரில். அதனால் வாடகைச் சண்டை எனக்குப் பழக்கம்.

தூத்துக்குடியிலுள்ள எங்கள் வீட்டில் குடியிருந்தவர் சொல்லாமலே இன்னொருவரிடம் சாவியைக் கொடுத்துவிட்டுப் போனார். வந்தவர், "நான் அவருக்கு வாடகை கொடுக்கிறேனே அக்கா" என்கிறார். பாவம், அவரும் முன்பணம் கொடுத்தவர்.

1960-ஆம் வருட வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்திலேயே, எழுத்துமூலச் சம்மதமின்றி உள்வாடகைக்கு விட்டால் வெளியேற்ற வழி இருந்தது. 2019 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்த புதுச்சட்டம் ஒப்பந்தத்தை எழுதிப் பதியச் சொல்கிறது. பலர் இன்னும் வாய்ப்பேச்சோடு நிற்கிறார்கள். அதுதான் என் ஆதங்கம்.

வீட்டுக்காரர்களே, ஆத்திரத்தில் தண்ணீரையோ மின்சாரத்தையோ நிறுத்தாதீர்கள். அப்படிச் செய்தால் குற்றம் உங்கள் பக்கம் சாய்ந்துவிடும். வாடகை நீதிமன்றத்தில் மனுக் கொடுங்கள்.