கமெராவும் கத்தரியும் ஒரே கையில்

எனது மருமகன் கலியாண வீடுகளில் வீடியோ எடுக்கிறவன். போன மாதம் வந்து, "மாமா, நான் படம் புடிக்கிறதோட சரி. வெட்டி ஒட்டுற வேலைய வேற ஆரும் பார்க்கட்டும்" என்றான். அவனுக்குச் சொன்னதைத்தான் இங்கும் எழுதுகிறேன்.

பாலு மகேந்திரா நமது மட்டக்களப்பு அமிர்தகழியில் 1939இல் பிறந்தவர். பூனா திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்துத் தங்கப் பதக்கம் பெற்றார். ராமு காரியாட்டின் 'நெல்லு' என்ற மலையாளப் படம்தான் முதல் வாய்ப்பு. 1974இல் வெளிவந்த அப்படத்துக்குக் கேரள அரசின் ஒளிப்பதிவு விருது கிடைத்தது. 'கோகிலா' (1977), 'மூன்றாம் பிறை' (1982) இரண்டுக்கும் ஒளிப்பதிவுக்கான இந்தியத் தேசிய விருது. 'முள்ளும் மலரும்', 'சங்கராபரணம்', மணிரத்னத்தின் முதற்படமான 'பல்லவி அனு பல்லவி' ஆகியவற்றிலும் கமெரா இவருடையதே.

பலருக்கும் தெரிந்தது இவ்வளவுதான். 'வீடு', 'சந்தியா ராகம்', 'மறுபடியும்' முதலான படங்களில் படத்தொகுப்பும் அவரே. இதில் என்ன விசேஷம்? ஒரு ஷொட் எந்த இடத்தில் முடியவேண்டும் என்று எடுக்கும்போதே தெரிந்தவர், தேவையில்லாததை எடுக்கமாட்டார். தேவையானதை அவசரப்பட்டு வெட்டவும் மாட்டார். 'வீடு' (1988) படத்தில், பாதி எழும்பிய வீட்டைப் பார்க்கக் கிழவர் தனியே வருகிறார். சுவரைத் தொட்டுத் தொட்டு நடக்கிறார். கமெரா அவரது நடைக்கே நடக்கிறது, கத்தரி பொறுத்திருக்கிறது. வேறொருவர் கையில் அந்த நடை பாதியாய்க் குறுகியிருக்கலாம்.

எங்கள் குடும்பத்தில் அப்படித்தான் நடந்தது. தம்பியின் கலியாணத்தில் வாப்பா வாசலில் நின்று ஆக்களை வரவேற்றதை ஒருவர் எடுத்தார். வாப்பா ஆரென்று தெரியாத இன்னொருவர் அதை வெட்டிவிட்டார். மூல நாடாவிலும் வேறு கலியாணம் பதிந்தாயிற்று. வாப்பா மௌத்தான பிறகு தேடினோம். அவர் நடமாடுகிற படம் எங்களிடம் ஒன்றுமில்லை.

பாலு மகேந்திராவுக்கும் இந்தத் துயரம் இருந்தது. 'வீடு' படத்தின் நெகட்டிவே அழிந்துபோனதைச் சொல்லி வருந்தினார். படங்களைப் பாதுகாக்க ஓர் ஆவணக் காப்பகம் வேண்டுமென்று கேட்டுக்கொண்டேயிருந்தார். 2014 பெப்ரவரியில் மறைந்தார்.

மருமகன் கொஞ்சநேரம் பேசவில்லை. பிறகு, "அப்ப வெட்டுறதையும் பழகுறேன் மாமா" என்றான். "பழகு. எடுத்ததையும் அழிச்சுப்போடாத" என்றேன்.