காட்டைப் படம் பிடிக்கும் சென்னைக்காரர்

கதாநாயகன் இல்லை. பாட்டு இல்லை. சண்டையும் இல்லை. மரம், மழை, ஆறு, குரங்கு இவைதான் நடிகர்கள். இப்படிப்பட்ட படங்களை எடுப்பதையே வாழ்க்கையாகக் கொண்டவர், சென்னை சேகர் தத்தாத்ரி.

பள்ளிச் சிறுவனாக இருந்தபோதே சென்னைப் பாம்புப் பண்ணையில் தொண்டராகச் சேர்ந்தவர் இவர். பண்ணையை நிறுவிய ராமுலஸ் விட்டேக்கருடன் சேர்ந்து எடுத்த, பாம்பு பிடிக்கும் இருளர்களின் கூட்டுறவுச் சங்கம் பற்றிய படத்துக்கு தேசிய விருது கிடைத்தது.

காத்திருக்கும் தொழில்

பெயர் வாங்கித் தந்தது, கேரளத்தின் அமைதிப் பள்ளத்தாக்கு பற்றி 1991-ல் வந்த படம். குந்திப்புழை ஆற்றில் மின்சாரத்துக்காக அணை கட்டுவதாக இருந்த இடம் அது. பலத்த எதிர்ப்புக்குப் பிறகு திட்டம் 1983-ல் கைவிடப்பட்டது. மறு ஆண்டு தேசியப் பூங்கா ஆயிற்று.

அங்கே வெடிப்பலா என்று ஒரு மரம். அதன் பூவும் காயும்தான் சிங்கவால் குரங்குக்கு முக்கிய ஆகாரம். மரம் போனால் குரங்கும் போகும். இதை மேடை போட்டுச் சொன்னால் யார் கேட்பார்கள்? படத்தில் பார்த்தால் புரிகிறது. ஆனால் எடுப்பது லேசல்ல. மழை விட வேண்டும், வெளிச்சம் வர வேண்டும், குரங்கும் வர வேண்டும். மூன்றும் ஒன்றாக வரும் வரை அட்டைக்கடியைப் பொறுத்துக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டியதுதான்.

வெளிநாட்டு டெலிவிஷன் கம்பெனிகளுக்குப் பல ஆண்டுகள் வேலை செய்தார். பணமும் புகழும் வந்தன. ஆனால் ஜனங்கள் பார்த்துவிட்டு மறந்துவிடுகிறார்கள் என்ற குறை மனதில் இருந்தது. ஆகவே, முடிவெடுக்கும் இடத்தில் இருப்பவர்கள் பார்ப்பதற்கென்றே சிறு படங்கள் எடுக்கத் தொடங்கினார்.

அவற்றில் ஒன்று, கர்நாடகத்தின் குதிரேமுக் இரும்புச் சுரங்கம் பற்றி 2001-ல் எடுத்தது. சுரங்க மண் மழையில் கரைந்து பத்ரா ஆற்றில் இறங்கிக்கொண்டிருந்தது. பத்ரா, துங்காவோடு சேர்ந்து கர்நூல் வழியாக வந்து கிருஷ்ணாவில் கலக்கிறது. எனவே இது ஆந்திரத்தின் தண்ணீர் விவகாரமும்கூட. சுரங்கத்தை எதிர்த்தவர்களின் வாதத்துக்கு அந்தப் படம் பக்கபலமாக நின்றது. 2002-ல் சுப்ரீம் கோர்ட் தடை விதித்தது. 2005 கடைசியில் வேலை நின்றது. சுரங்கத்தை நம்பியிருந்த தொழிலாளர்களுக்கு அது பெரிய இடி என்பதையும் மறைப்பதற்கில்லை. 2004-ல் தத்தாத்ரிக்கு ரோலக்ஸ் விருது கிடைத்தது.

கட்டையாகத் தெரிந்த மரம்

கங்காதர நெல்லூர், சித்தூர், திருப்பதி வட்டாரத் தமிழர்களுக்கு இதில் ஒரு சங்கதி உண்டு. இங்குள்ள சேஷாசலம் மலைத்தொடர் 2010-ல் உயிர்க்கோளக் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. செம்மரம் இயற்கையாக வளர்வது உலகிலேயே இந்தக் கிழக்கு மலைத்தொடரின் தென்பகுதியில்தான்.

அந்த மரத்தைப் பலரும் லாரியில் பிடிபட்ட கட்டையாகத்தான், அதுவும் பத்திரிகைப் போட்டோவில்தான் பார்த்திருப்பார்கள். 2015 ஏப்ரல் 7-ந் தேதி இந்தக் காட்டில் தமிழ்நாட்டுத் தொழிலாளர்கள் 20 பேர் போலீஸ் துப்பாக்கிக்குப் பலியானார்கள். வெட்டப் போனவர்கள் என்றது போலீஸ். பிடித்துக் கொண்டுபோய்ச் சுட்டார்கள் என்றார்கள் உறவினர்கள். கட்டைக்கு விலை வைத்தவர்கள் யாரும் அன்று காட்டில் இல்லை.

உயிரோடு நிற்கும் செம்மரம் வேறு மாதிரி. முதலைத் தோல்போல் வெடித்த கறுத்த பட்டை. வைரம் பாய்வதற்கே பல பத்தாண்டுகள் ஆகும். கோடையில் சிறு சிறு மஞ்சள் பூ. பிறகு, சுற்றிலும் இறக்கை வைத்த வட்டக் காய். காற்றடித்தால் தாய்மரத்தை விட்டுப் பறந்து போய், பாறை இடுக்கில் விழுந்து மழைக்குக் காத்திருக்கும்.