கதையில் பறந்த ஆந்தை



நாம் குடியேறியிருக்கும் டோம்பிவிலி வாசிப்பை நேசிக்கும் ஊர். 2017ஆம் ஆண்டு பிப்ரவரியில் 90ஆவது அகில பாரத மராத்தி இலக்கிய மாநாடு இங்கேதான் நடைபெற்றது. இவ்வூரில் வளரும் நம் பிள்ளைகளும் ஆர்வத்தோடு வாசிக்கிறார்கள். அதற்காகத் தேவனை ஸ்தோத்திரிப்போம். ஆயினும், மந்திரக்கோலும் மாயப் பள்ளியும் நிறைந்த ஹாரி பாட்டர் போன்ற கதைகளை அவர்கள் கையில் காணும்போது நம் உள்ளம் கலங்குகிறது. ஆபத்து உண்டா? உண்டு. ஆனால் அது எங்கே இருக்கிறது என்பதை நாம் நிதானித்து அறிய வேண்டும்.

ஆந்தை கேட்ட பிள்ளைகள்

ஜே.கே. ரௌலிங் எழுதிய ஏழு ஹாரி பாட்டர் நூல்கள் 1997 முதல் 2007 வரை வெளிவந்தன. அவற்றில் ஹாரியின் கடிதங்களைச் சுமந்து செல்வது ஒரு வெள்ளை ஆந்தை. 2010 நவம்பரில் டிராஃபிக் இந்தியா என்னும் வனவிலங்கு வணிகக் கண்காணிப்பு அமைப்பின் ஆந்தை வணிக அறிக்கை வெளியானது. அப்போதைய மத்திய சுற்றுச்சூழல் அமைச்சர் ஜெய்ராம் ரமேஷ், நகரத்து நடுத்தரக் குடும்பங்கள் பிள்ளைகளுக்கு ஆந்தையைப் பரிசளிக்கும் மோகத்தை இக்கதைகளோடு தொடர்புபடுத்திப் பேசினார். ஆய்வு செய்த அப்ரார் அகமதுவிடமே, அவருடைய தோழி ஒருவர் தம் மகனின் பத்தாவது பிறந்தநாளுக்கு வெள்ளை ஆந்தை ஒன்று கேட்டிருந்தாராம். ஆந்தையைப் பிடிப்பதும் விற்பதும் 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றமாகும்.

அதே அறிக்கை மற்றொன்றையும் சுட்டிக்காட்டியது. தீபாவளியை ஒட்டி, மாந்திரீகச் சடங்குகளுக்காக ஆந்தைகள் பெருமளவில் பலியிடப்படுகின்றன. கதை வாசித்த சிறுவன் ஒரு பறவையைக் கேட்டான். கதையே வாசிக்காத பெரியவரோ அதன் இரத்தத்தால் செல்வம் வருமென்று நம்பினார். இவ்விருவரில் மந்திரத்தை மெய்யாகவே நம்பியவர் யார்?

நாம் அன்றாடம் செல்லும் மின்சார ரயில் பெட்டிகளிலும் பெங்காலி பாபாக்களின் விளம்பரத் துண்டுகள் ஒட்டப்பட்டிருப்பதைக் கண்டிருப்பீர்கள். வேலை, கடன், குடும்பச் சண்டை யாவும் நொடியில் தீருமாம்! இத்தகைய வஞ்சகத்தைத் தடுக்கச் சட்டம் வேண்டுமென்று நெடுங்காலம் போராடிய மருத்துவர் நரேந்திர தாபோல்கர், 2013 ஆகஸ்ட் 20 அன்று புனேயில் சுட்டுக் கொல்லப்பட்டார். அதன் பின்னரே அவ்வாண்டில் மகாராஷ்டிராவில் அச்சட்டம் வந்தது.

வேதமும் மந்திரக்கோலாகலாம்

எபேசுவில் மாயவித்தைப் புஸ்தகங்கள் சுட்டெரிக்கப்பட்டதை (அப். 19:19) நாம் அடிக்கடி பிரசங்கிக்கிறோம். அதற்குச் சற்று முன்னே வரும் ஸ்கேவாவின் குமாரரை மறந்துவிடுகிறோம். அவர்கள் இயேசுவை அறியாமலே அவருடைய நாமத்தை ஒரு மந்திரச் சொல்லாகப் பயன்படுத்தினார்கள், காயப்பட்டு ஓடினார்கள்.

நம் வீடுகளில் நடப்பது என்ன? வாசிக்காத வேதாகமம் கெட்ட கனவுக்குக் காவலாகத் தலையணையின்கீழ் கிடக்கிறது. கண்களை மூடித் திறந்த பக்கத்தில் விரல் பட்ட வசனமே தேவனுடைய பதிலாக எண்ணப்படுகிறது. கீழ்ப்படிதல் இன்றிப் பலன் மட்டும் தேடும் இவ்வாசிப்பே மந்திர வாசிப்பு. இதைக் கண்டு வளரும் பிள்ளைக்கு அதை எந்த மாயக் கதையும் புதிதாகக் கற்பிக்க வேண்டியதில்லை.

என்ன செய்யலாம்?

பில்லிசூனியத்தையும் குறிகேட்பதையும் வேதம் திட்டமாய் விலக்குகிறது (உபா. 18:10-12). கற்பனையை அது விலக்கவில்லை. மரங்கள் கூடித் தங்களுக்கு ராஜாவைத் தேடிய கதையை யோதாம் சொல்லவில்லையா (நியா. 9)? ஆகவே நூலைப் பிடுங்கி எறியாமல், பிள்ளையோடு அமர்ந்து வாசியுங்கள். அந்த வீரன் வென்றது கோலினாலா, நட்பினாலும் தியாகத்தினாலுமா என்று கேளுங்கள். பின்பு மாற்கு சுவிசேஷத்தை முதல் அதிகாரத்திலிருந்து, நாளொன்றுக்கு ஓர் அதிகாரமாகக் குடும்பமாய் வாசியுங்கள். இன்று இவ்வசனம் எனக்கு என்ன தரும் என்பதற்கு முன், என்னிடம் என்ன கேட்கிறது என்று முதலாவது நீங்களே உரக்கச் சொல்லுங்கள். பிள்ளைகள் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்.

கர்த்தர் உங்கள் குடும்பங்களை ஆசீர்வதிப்பாராக.